எண்களில் அழுதவள்

ரோமில் எனக்கு வாழ்நாள் சாதனையாளர் விருதாம். தொகுப்பாளன் மைக்கை நீட்டிக் குழைந்தான். "சிஞ்ஞோரா எர்சிலியா, படத்தில் பிள்ளையைப் பறிகொடுத்துக் கதறுவீர்களே, அந்த வசனத்தை ஒருமுறை பேசுங்கள்."

நான் நடித்த அத்தனை படங்களிலும் குரல் வேறொருத்தியுடையது. என் குரல் தகரத்தைத் தட்டுவதுபோல இருக்கிறதாம். "உதடு அசைந்தால் போதும், எண்களைச் சொல்லு, வசனத்தைப் பிறகு ஒட்டிக்கொள்கிறோம்" என்பார் இயக்குநர். அந்தக் காட்சியில் பிள்ளையின் பிணத்தின் மேல் விழுந்தும் எண்களைத்தான் சொல்லி அழுதேன்.

மைக்கைப் பிடுங்கினேன். "ஒன்று, இரண்டு, மூன்று..." கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. சிரிக்கட்டும். பதினேழு என்றதும், படத்தில் வழிந்த அதே இடத்தில், கண்ணீர் வழிந்தது. சிரிப்பு நின்றுபோனது. தொகுப்பாளன் மைக்கை வாங்கக் கை நீட்டினான். அவன் முகத்தைப் பார்த்து, "பதினெட்டு" என்றேன்.