நனைந்த முனை

கார்ட்டூன் கரடி திரையில் நடந்து வந்ததுமே எனக்குத் தெரிந்துவிட்டது. நான் கொடுத்த நடைதான்.

இடது காலை வைக்கும்போது தொப்பை மட்டும் கொஞ்சம் தாமதமாக வரும். நியூயார்க்கில் அதை வரைய என்னை விட்டால் ஆளில்லை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். போன வசந்தத்தில் முதலாளி கிரேடி, "கரடி கம்பெனியோடது, நீ வேணா கெளம்பு" என்று என்னை ஸ்டுடியோவை விட்டு அனுப்பியபோது, நான் இல்லாமல் அது நொண்டத்தான் போகிறது என்று தைரியமாக வந்துவிட்டேன். அந்த ஒரு நம்பிக்கையில்தான் இத்தனை நாள் ஓடியது.

நொண்டவில்லை.

"யாரு வரைஞ்சிருப்பா? அந்தத் தடியன் மெக்காலேவா? அவனுக்கு ஒரு முட்டையக்கூட ஒழுங்கா வரைய வராதே!" என்று லிடாவின் காதில் பொருமினேன்.

"சும்மா படத்தப் பாரேன். பக்கத்துல எல்லாரும் நம்மளப் பாக்குறாங்க" என்றாள்.

லிடா என் மனைவி. ஸ்டுடியோவில் என் பென்சில் கோடுகளின் மேல் மை போட்டவள். எனக்காக அவளும் வேலையை உதறிவிட்டு, இப்போது ஏதோ வாழ்த்து அட்டை கம்பெனிக்குப் போய்வருகிறாள். இன்றைக்கு இந்த முதல் காட்சிக்கு டிக்கெட்டும் அவள் எடுத்ததுதான்.

பழைய தாள்களைப் பார்த்து நடையை நகலெடுத்திருப்பார்கள் என்று மனதைத் தேற்றிக்கொண்டேன்.

திரையில் கரடிக்கு வேலை போனது. வீட்டுக்கு வந்து சூப் கிண்ணத்தின் முன் உட்கார்ந்தது. மேசைவிரிப்பின் முனையை இழுத்து, அதில் முகம் புதைத்து அழுதது. மூக்கையும் சிந்தியது. பிறகு திருட்டு முழி முழித்துக்கொண்டே, நனைந்த முனையை மடித்துக் கிண்ணத்துக்கு அடியில் ஒளித்துவைத்தது.

தியேட்டரே அதிர்ந்தது. ஊமைப் படத்துக்குப் பியானோ வாசிப்பவர்கூட கையை எடுத்துவிட்டுச் சிரித்தார்.

வேலை போன அன்று எங்கள் சமையலறையில் நான் செய்தது அதுதான், அச்சு அசலாக. லிடா அடுப்புப் பக்கம் திரும்பி நின்றிருந்தாள். பார்க்கவில்லை என்றுதான் நினைத்தேன். பிறகு வந்து என் தலையைக் கோதிவிட்டு, இன்னும் ஒரு கரண்டி சூப் ஊற்றினாள்.

அவள் பக்கம் திரும்பினேன்.

லிடா திரையைப் பார்க்கவில்லை. சீட்டில் பின்பக்கமாகத் திரும்பி, இருட்டில் ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

படம் வரைந்தவர்கள் முதல் காட்சியில் அப்படித்தான் பார்ப்போம், சிரிக்கிறார்களா என்று.