வியாழனுக்குப் பின் புதன்

அண்ணன் பசைக் கிண்ணத்தைக் கிளறிக்கொண்டிருந்தார்.

"என்னடி ஊசி, பசையில இவ்ளோ கட்டி? புருஷன் வீட்டுல வெக்கிற கஞ்சியும் இப்படித்தானா?"

பட்டறையில் தைக்கிறவள் நான் என்பதால் அவர் எனக்கு வைத்த பெயர் அது.

நான் வாசலிலேயே நின்றேன். முந்தின நாள் மாலைதான் அவரை அடக்கம் செய்துவிட்டு வந்திருந்தேன். செருப்பில் மண் இருக்கிறதா என்று பார்த்தேன். இல்லை.

ஊருக்கு வரப்போகும் நாட்களை எழுதி வைத்த கால ஏடு, நூல் இற்றுப்போகும்போதெல்லாம் எங்கள் பைண்டிங் பட்டறைக்கு வரும். நாளுக்கு ஒரு தாள் கற்றை. எந்த வரிசையில் தைக்கிறோமோ அந்த வரிசையில்தான் ஊருக்கு நாட்கள் நடக்கும். உள்ளே எழுதியிருப்பதைப் படிக்கக் கூடாது என்பது தொழில் கட்டுப்பாடு. மடிப்பது, பசை போடுவது, கடைசியில் சரிபார்ப்பது எல்லாம் அண்ணன். தைப்பது நான்.

வரிசை மாறினால் ஊரில் யாருக்கும் தெரியாது. புதன் போய் வியாழன் வந்ததாகவே நினைத்துக்கொள்வார்கள். அந்த ஏட்டில் ஊசி பிடித்த கைக்கு மட்டும் நடந்தது நடந்தபடி நினைவிருக்கும்.

செவ்வாய்க்கிழமை ஏட்டைத் தைத்து முடித்தேன். இரவு தூங்கி எழுந்தேன். வியாழனாக இருந்தது. பதினொரு மணிக்கு அண்ணன் அழுத்துப் பலகைக்குப் பக்கத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். பிறகு எழுந்திருக்கவில்லை.

மறுபடி தூங்கி எழுந்தேன். புதன்.

இரண்டு கற்றைகளை மாற்றித் தைத்திருக்கிறேன் என்று புரிந்தது. இருபத்திரண்டு வருஷத்தில் கால ஏட்டில் என் முதல் தவறு.

திருத்திவிடலாம். நூலை அறுத்து வரிசைப்படி தைத்தால், அந்த நிமிஷமே புதன் தன் பழைய இடத்துக்குப் போய்விடும். அண்ணனையும் கூட்டிக்கொண்டு. வியாழன் மாறாது. எழுதியது எழுதியதுதான்.

ஒவ்வொரு கற்றையின் முதுகிலும் ஒரு மைக்கோடு உண்டு. வரிசை சரியாக இருந்தால் கோடுகள் படிக்கட்டு போல இறங்கும். ஒரு படி பிசகினாலும் அண்ணன் கண்ணுக்குத் தப்பாது. கண்டுபிடித்த கையோடு கத்தரியைக் கேட்பார். பிசகிய ஏடு எதுவும் எங்கள் வாசல் தாண்டியதில்லை.

ஆகவே அன்று முழுக்க ஏட்டை என் மடியிலேயே வைத்துக்கொண்டேன்.

அவர் ஏட்டின் முதுகில் ஒட்டும் துணியை அளந்து வெட்டினார். வந்த வாடிக்கையாளர் ஒருவரிடம், வேலைக்கு வந்த முதல் நாள் நான் ஒரு கணக்குப் புத்தகத்தைத் தலைகீழாகத் தைத்து வைத்த கதையைச் சொல்லிச் சிரித்தார். நூறாவது தடவை. பிறகு அறுப்புக் கத்திகள் நாலையும் தீட்டி, என் கைக்கு எட்டுகிற ஆணியில் மாட்டினார்.

மதியம் அண்ணி சாப்பாட்டுத் தூக்கோடு வந்தாள். நேற்று இரண்டு பேர் தாங்கிப் பிடிக்க நடந்தவள்.

"கண்ணாடிய வீட்டுலயே வெச்சிட்டு வந்து நிக்குறாரு பாரு. நான் சொன்னா எங்க கேக்குறாரு, நீயாவது சொல்லு."

சொல்லலாமா என்றுதான் நான் காலையிலிருந்து யோசித்துக்கொண்டிருந்தேன்.

சொல்லவில்லை. சாப்பிட்டோம். அண்ணன் இரண்டாம் தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

நாலு மணிக்குக் கையை நீட்டினார். வேறு வழியில்லை, ஏட்டைக் கொடுத்தேன்.

வெளிச்சத்துக்குத் திருப்பி, முதுகில் கட்டைவிரலை வைத்து மேலிருந்து மெல்ல இறக்கினார். விரல் ஓரிடத்தில் நின்றது. கத்தரி எனக்குப் பக்கத்தில் இருந்தது. கேட்பார் என்று காத்திருந்தேன்.

விரல் நகர்ந்தது.

"சரியா இருக்கு. துணிய ஒட்டிடு."

கண்ணாடி இல்லாததால் தப்பித்தோம் என்று நினைத்துக்கொண்டேன்.

ஆறு மணிக்குக் கையைக் கழுவி, மடித்துவிட்டிருந்த சட்டைக் கையை இறக்கி, பொத்தானைப் போட்டுக்கொண்டு கிளம்பினார். தெரு முனை வரை பார்த்துக்கொண்டிருந்தேன். கொஞ்சம் வேகமாகவே நடந்தார்.

உள்ளே வந்து, துணி ஒட்டுவதற்காக ஏட்டைத் திருப்பினேன். கற்றைகளின் ஓரத்தில் முடிச்சுகள் வரிசையாகத் தெரிந்தன. நான் வலதுகைக்காரி. என் முடிச்சுகள் வலப்பக்கம் சாயும். முதல் கற்றையிலிருந்து எல்லாம் அப்படித்தான் சாய்ந்துகொண்டு வந்தன.

வியாழனிலும் புதனிலும் மட்டும் இடப்பக்கம்.

அண்ணன் இடதுகைக்காரர்.

மடிக்கும்போது வியாழனைப் படித்திருக்க வேண்டும். அவரும் ஊசி பிடித்திருக்கிறார். அப்படியென்றால், வியாழக்கிழமை பதினொரு மணி அவருக்கும் நினைவிருந்திருக்கிறது. பசை கிளறும்போதும். சாப்பிடும்போதும்.

நான் துணியை ஒட்டி, சுருக்கம் இல்லாமல் நீவிவிட்டேன்.

செவ்வாய்க்கிழமை மதியம் நூல் போதாது என்று சொல்லி என்னைக் கடைத்தெருவுக்கு அனுப்பியவர் அவர்தான். பெட்டியைத் திறந்து பார்த்தேன். பழைய நூற்கண்டில் பாதிக்கு மேல் மீதி இருந்தது.

அது இன்னும் என்னிடம் இருக்கிறது.