சுவரோரப் பெஞ்ச்

புத்தகம் இன்னும் இரண்டு பெஞ்ச் தள்ளி இருந்தது.

அவன் சுவரோரம் உட்கார்ந்திருந்தான். எழுந்து வெளியே போக வேண்டுமென்றால் பக்கத்தில் இருக்கிற செண்பகராஜைத் தாண்ட வேண்டும். தாண்டினால், "எங்கடா மாப்ள?" என்று ஊருக்கே கேட்கிற மாதிரி கேட்பான்.

வரலாறு, தமிழ், வணிகவியல் என்று எல்லாத் துறைப் பிள்ளைகளுக்கும் பொதுவாக வைத்த உயிரியல் வகுப்பு. தவளையும் பாம்பும் ஜாடிகளில் மிதக்கிற அந்த லேபில்தான் நடக்கும். பாதிப் பேர் அரட்டைக்கு வருவார்கள். அவனும் அப்படித்தான் வந்தான். இன்றைக்கு லூர்து மேடம் கண்ணைச் சோதிக்கிற புத்தகத்தோடு வந்து நிற்பார் என்று யார் கண்டது?

பக்கத்துக்கு ஒரு வட்டம். வட்டம் நிறைய வண்ணப் புள்ளிகள். புள்ளிகளுக்கு நடுவில் ஒளிந்து ஒரு எண்.

"பன்னெண்டு மேடம்."

"எட்டு."

"இருபத்தொம்பது."

எல்லோருக்கும் தெரிந்தது.

அவனுக்குத் தெரியாது. தெரியாது என்பது அவனுக்கும் அம்மாவுக்கும் மட்டும் தெரியும். சின்ன வயசில் பழுத்த மிளகாய் பறிக்கப் போனவன் காயையும் சேர்த்துப் பறித்து மடியை நிரப்பிக்கொண்டு வந்தான். அம்மா திட்டவில்லை. "வெளியில சொல்லிராத" என்றாள்.

அதைச் சொல்லாமலேதான் போலீஸ் வேலைக்கு எழுதினான். ஓடினான். கயிறு ஏறினான். வியாழக்கிழமை மெடிக்கல்; அங்கேயும் இதே புத்தகம் உண்டு. அவனுக்கும் செண்பகராஜுக்கும் ஒரே நாள், ஒரே ஆஸ்பத்திரி.

முன்னால் நிற்பவன் சொல்வதைத் திருப்பிச் சொல்லிவிடலாம் என்பதுதான் அவனுடைய திட்டம். அங்கேயும், இங்கேயும்.

முன் பெஞ்சில் ஜெயபாரதி எழுந்தாள். மேடம் பக்கத்தைத் திருப்பினார்.

"எதுவும் தெரியல மேடம்."

"சரி, உக்காரு."

"கண்ணாடி போடு தாயி" என்றான் செண்பகராஜ். வகுப்பு சிரித்தது.

அவளுக்கே தெரியாத பக்கம். யாரைப் பார்த்து எதைச் சொல்வது?

மேடம் பக்கத்தைத் திருப்பாமல் அப்படியே நீட்டினார்.

"சுவரோரம் இருக்கிறவர் சொல்லுங்க."

குனிந்தான்.

எண் தெரிந்தது.

வாழ்க்கையில் முதல் தடவையாக, புள்ளிகளுக்கு நடுவில், யாரோ விரலால் எழுதினது போல.

"அஞ்சு!" என்றான். குரல் தேவைக்கு மேல் பெரிதாக வந்தது.

மேடம் அவனைப் பார்த்தார். கொஞ்ச நேரம் பார்த்தார்.

"எனக்கும் அஞ்சுதான் மேடம்" என்றான் செண்பகராஜ்.

பின்னாலிருந்து எட்டிப் பார்த்தவர்களும் விடவில்லை. "அஞ்சு மேடம்." "பளிச்னு தெரியுது மேடம்." ஜெயபாரதிகூடத் திரும்பி, "இப்பத் தெரியுது" என்றாள்.

மேடம் புத்தகத்தை மூடி அவன் கையில் கொடுத்தார்.

"தம்பி, இதைக் கொண்டுவந்து டேபிள்ல வைங்க."

செண்பகராஜின் முழங்காலைத் தாண்டிப் போனான். மேஜையருகே மேடம் நிமிர்ந்து பார்க்காமல், தாழ்ந்த குரலில் பேசினார்.

"நல்ல கண்ணுக்கு அந்தப் பக்கத்துல எந்த நம்பரும் தெரியாதுப்பா. சிவப்பும் பச்சையும் பிரிச்சுப் பார்க்க முடியாதவங்களுக்குத்தான் அஞ்சு தெரியும்."

அவன் புத்தகத்தை வைத்தான். கை அதன் மேலேயே இருந்தது.

"மத்ததுங்க எல்லாம் உன்னைப் பார்த்துச் சொன்னதுங்க. நான் யார்கிட்டயும் சொல்லமாட்டேன். போ."

திரும்பி வந்தான். மறுபடியும் முழங்கால், மறுபடியும் சுவர்.

தப்பித்தாயிற்று. வகுப்பில் ஒருவருக்கும் தெரியாது.

"என்னடா சொன்னாங்க?"

"சும்மா."

செண்பகராஜ் அவன் தோளில் சாய்ந்தான்.

"நல்லவேளை மாப்ள, நீ முதல்ல சொன்ன. எனக்கு வெறும் புள்ளிதான் தெரிஞ்சுது. வியாழக்கிழமை இந்தப் பக்கத்தக் காட்டினா அஞ்சுன்னு அடிச்சு விட்ருவேன்."

இவனுக்கு நல்ல கண். கழுகுக் கண். அஞ்சு என்று சொன்னால் இவனையும் வெளியே நிறுத்திவிடுவார்கள்.

"அஞ்சுன்னு சொல்லாதடா."

"ஏன்?"

"சொல்லாதன்னா சொல்லாத."

"ஓகோ. நீ மட்டும் சொல்லுவ, நான் சொல்லக்கூடாதோ? ஒரு ஆள் குறையட்டும்னு பாக்குறியா?"

விளையாட்டாகத்தான் கேட்டான். ஆனாலும் சாய்ந்திருந்தவன் விலகிக்கொண்டான்.

அவன் சுவரைப் பார்த்தான். சுண்ணாம்பில் யாரோ காம்பஸ் முள்ளால் ஒரு பெயரைக் கீறி, அப்புறம் அதையே அடித்திருந்தார்கள்.

மேடம் கரும்பலகையில் கண்ணை வரைய ஆரம்பித்தார். வகுப்பு நோட்டைப் புரட்டியது.

"செண்பகம்."

"என்ன?"

"நீ போட்டிருக்கிற சட்டை என்ன கலர்?"

செண்பகராஜ் சிரித்தான். "லூசாடா நீ? கண்ணு முன்னாலதான..."

அவன் சிரிக்கவில்லை.

"எனக்குத் தெரியல. அதான் கேக்கேன். சொல்லு."

செண்பகராஜ் குனிந்து தன் சட்டையைப் பார்த்தான். கரும்பலகைப் பக்கம் பார்த்தான். மூடிக் கிடந்த புத்தகத்தைப் பார்த்தான். அவனைப் பார்க்க மட்டும் கொஞ்ச நேரம் ஆயிற்று.

பிறகு நகர்ந்து, முதலில் இருந்ததைவிட நெருக்கமாக உட்கார்ந்தான்.

"பச்சை" என்றான், பின் பெஞ்சுக்குக் கேட்காத குரலில்.