கைமாறிய பிள்ளை

"நான் போகமாட்டேன்! அப்பா, என்னை அனுப்பாதீங்கப்பா!"

ஏழு வயதுச் சிறுமி அப்பாவின் காலை இரண்டு கைகளாலும் கட்டிக்கொண்டு கதறினாள். அவளை அழைத்துப்போக வந்த பெண் ஏட்டு வாசலிலேயே நின்றாள்.

நீதிமன்ற அமீனா உத்தரவை மூக்குக் கண்ணாடிக்கு நேராகப் பிடித்து வாசித்தார். மனைவியை அடித்துத் துரத்திய கணவன் இனி அவள் இருக்கும் திசைக்கே போகக்கூடாது. மகளை இன்று மாலை நான்கு மணிக்குள் தாயிடம் ஒப்படைக்க வேண்டும்.

அந்தக் கணவர் மருந்துக் கடைக்காரர். குரலை உயர்த்தவே தெரியாதவர் போலப் பேசினார்.

"கோர்ட்டு சொன்னா கட்டுப்படணும் மேடம். நான் தடுக்கலையே. புள்ள வரமாட்டேங்குது, நான் என்ன பண்ணட்டும்?"

சொல்லிக்கொண்டே கையிலிருந்த செல்போனில் எல்லாவற்றையும் படம்பிடித்தார். "நாளைக்கு ஜட்ஜ் ஐயா இதைப் பாக்கட்டும். யாரு வேணும்னு புள்ள வாயாலயே கேட்டுக்கட்டும்."

அவருடைய அக்கா சமையலறை நிலைப்படியில் நின்றாள். கணவன் போனபின் தம்பி வீட்டோடு வந்துவிட்டவளாம். வேர்த்து ஊற்றும் அந்த மதியத்திலும் மணிக்கட்டு வரை மூடிய சட்டை. பிள்ளையின் துணிப்பையைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, பழைய இடத்துக்கே போய் நின்றுகொண்டாள்.

பச்சைப்பிள்ளை இந்தக் கத்துக் கத்துகிறது, கல்லுப் பிள்ளையார் மாதிரி நிற்கிறாளே என்று ஏட்டுக்கு ஆத்திரமாக வந்தது. 'அப்பா, அப்பா' என்று அலறிய பிள்ளையின் கண்ணும் அந்த நிலைப்படியையே பார்த்தது.

"ஏட்டம்மா, மணி மூணரை ஆச்சு" என்றார் அமீனா. "அழுது முடிக்கிற வரைக்கும் காத்திருக்கணும்னு உத்தரவுல ஒண்ணும் போடலை."

எத்தனையோ பிள்ளைகளை இப்படிக் கைமாற்றிக் கொடுத்தவள்தான் அந்த ஏட்டு. கைநீட்டுகிற அப்பனைக் கண்டால் பிள்ளை சுவரோடு ஒட்டுமே தவிர, இப்படிக் காலோடு ஒட்டாது. இந்த ஒரு வழக்கில் கோர்ட்டுதான் ஏமாந்துவிட்டதோ?

என்ன நினைத்து என்ன செய்ய? குனிந்து, அந்தச் சின்ன விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தாள். சிறுமி அவள் மணிக்கட்டைக் கடித்தாள். வலியைப் பல்லுக்குள் அடக்கிக்கொண்டு, பிள்ளையை அள்ளித் தோளில் போட்டு ஜீப்புக்கு நடந்தாள். செல்போனும் வாசல்வரை கூடவே வந்தது.

ஜீப் கிளம்பியது. சிறுமி பின்கண்ணாடியில் முகத்தை ஒட்டிவைத்துத் தெருக்கோடி வரை அழுதாள். அக்கம்பக்கத்து ஜன்னல்கள் திறந்துகொண்டன. ஏட்டு தலையைக் குனிந்துகொண்டாள்.

வண்டி முனை திரும்பியது. குழாயைத் திருகி மூடியதுபோல அழுகை நின்றது.

"அப்பாவுக்கு இப்ப நம்ம வண்டி தெரியாதுல்ல ஆன்ட்டி?"

"தெரியாதும்மா."

சிறுமி பாவாடை நுனியால் முகத்தைத் துடைத்தாள். ஏட்டின் கையை எடுத்து, தன் பல் பதிந்த இடத்தில் உஃப் உஃப் என்று ஊதினாள். "ரொம்ப வலிக்குதா? சாரி."

ஏட்டுக்கு ஒன்றும் விளங்கவில்லை. "ஏன் கண்ணு, அம்மாகிட்ட போக உனக்குப் பிடிக்கலையா?"

"ஐயோ, பிடிக்குமே! எப்பப் பாத்தாலும் சாமிகிட்ட அதைத்தானே கேட்டேன்."

"அப்புறம் ஏம்மா அப்படி அழுத?"

சிறுமி முன்னிருக்கையில் இருந்த அமீனாவைப் பார்த்தாள். வந்த வழியை ஒருமுறை திரும்பிப் பார்த்தாள். பிறகு ஏட்டின் காதருகே வந்து, குரலைத் தாழ்த்திக் கேட்டாள்:

"நான் நல்லா அழுதேன்ல? இன்னிக்கு அத்தையை அடிக்கமாட்டாருல்ல?"