முதல் டின்

மண்ணெண்ணெய் லோடு வரும் என்பதில் ஏசுவடியானுக்கு ஐயமே இல்லை. பத்து மணிக்கு அவர் வந்தபோதே திருச்சுழி ரேஷன் கடை வரிசை தெருமுனையைச் சுற்றி வளைந்திருந்தது. இத்தனை பேர் வீணாகவா வெயிலில் நிற்பார்கள்?

பத்திரம் எழுதுவது அவர் தொழில். சாட்சி இல்லாமல் எதையும் நம்பாதவர் என்று தம்மைப் பற்றித் தாமே ஊரெல்லாம் சொல்லி வைத்திருந்தார்.

மறுநாள் மகள் ஸ்டெல்லாவைப் பெண் பார்க்க வருகிறார்கள். அடுப்புக்கு ஒரு சொட்டு இல்லை. பக்கத்து ஊர் வீரசோழனில் நண்பர் ஐந்து லிட்டர் எடுத்து வைத்திருந்தார். பன்னிரண்டு மணி பஸ்ஸில் வராவிட்டால் வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுவாராம்.

"என்னண்ணே, வெறுங்கையோட நிக்கிறீக?" என்று கேட்டார் முன்னால் நின்ற உக்கிரபாண்டி. முன்பின் அறியாதவர்.

"டின்னு ஓட்டை தம்பி. அடைக்கச் சொல்லித் தனுஷ்கோடியோட தகரக்கடை வாசல்ல வச்சிட்டு வந்தேன்."

பின்னால் நின்ற மாரிக்கனி, "எங்கிட்ட ரெண்டு கேன் இருக்கு. ஒண்ண வாங்கிக்கிருங்க" என்று நீட்டினாள்.

வீரசோழன் பஸ் வந்து நின்றது. ஏசுவடியானின் ஒரு கால் வரிசையை விட்டு வெளியே போயிற்று.

"லோடு நிச்சயமா வருமா தம்பி?"

"வராமயா? வரிசையில மொத டின்னு வெள்ளெனவே வந்து ஒக்காந்திருச்சாம்ல! வச்ச ஆளு யாருன்னே தெரியல. உள்விவரம் தெரியாதவனா வச்சிருப்பான்?"

இதைவிட என்ன சாட்சி வேண்டும்! வெளியே போன காலை உள்ளே இழுத்துக்கொண்டார். பஸ் புழுதி கிளப்பிப் போய்விட்டது.

சற்று நேரத்தில் மாரிக்கனியும் அதே கேள்வியைக் கேட்டாள். "தாலுகா ஆபீஸுக்கே சேதி வந்திருச்சும்மா" என்று தம் பங்குக்கு ஒரு முத்திரையும் குத்திக் கொடுத்தார். அது வரிசையின் கடைசிவரை போய்ச் சேர்ந்தது.

ஒரு மணிக்கு முன்னாலிருந்து குரல் வந்தது. "தொறந்துட்டாக!"

வரிசை முண்டியடித்தது. முனை திரும்பி எட்டிப் பார்த்தார் ஏசுவடியான். ரேஷன் கடையில் பூட்டு அப்படியே தொங்கியது. திறந்தது அதை ஒட்டியிருந்த தகரக்கடை.

வெளியே வந்த தனுஷ்கோடி, வரிசையின் முதல் டின்னைத் தூக்கி வெயிலுக்கு நேரே பிடித்துப் பார்த்தார். பிறகு நாற்பது தலைகளுக்கு மேலாகக் குரல் கொடுத்தார்:

"ஏசுவடியான் அண்ணாச்சி! இதுல ரெண்டு ஓட்டை இருக்கே, ரெண்டையுமா அடைக்கணும்?"