சிரிச்ச மூஞ்சிக்காரர்

"கோபமா இருக்கிற அப்பா எங்க? காட்டு பாக்கலாம்."

டீச்சர் மேஜையில் நான்கு போட்டோக்களைப் பரப்பி வைத்திருந்தார். நான்கிலும் ஒரே ஆள்தான். சந்தோஷ அப்பா, சோக அப்பா, பயந்த அப்பா, கோப அப்பா.

அச்சடித்த பொம்மை முகங்களைக் காட்டினால் பிள்ளைகள் குழம்புகிறார்களாம். அதனால் வீட்டு ஆள் ஒருவரையே நான்கு விதமாகப் படம் பிடித்து அனுப்பச் சொல்வது அந்தப் பாலர் பள்ளியின் வழக்கம். எந்த முகத்துக்கு என்ன பெயர் என்று சொல்லத் தெரிந்த பிள்ளை மேல் வகுப்புக்குப் போகும். தெரியாத பிள்ளைக்கு இன்னும் ஒரு வருஷம் இதே பெஞ்சுதான்.

நிஜ அப்பா, பிள்ளைகள் உட்காரும் குட்டி நாற்காலியில் முழங்கால் தாடையை இடிக்க உட்கார்ந்திருந்தார். செருப்புக் கடையில் வேலை. கடையையே புரட்டிப் போடச் சொல்லிவிட்டு ஒரு செருப்பு வார்கூட வாங்காமல் எழுந்து போகிறவர்களையும் சிரித்த முகமாக வாசல்வரை கொண்டுபோய் விடுவார். கடையில் அவருக்குப் பெயரே சிரிச்ச மூஞ்சிக்காரர்தான்.

மகள் யோசிக்கவே இல்லை. சந்தோஷ அப்பாவின் மேல் விரலை வைத்தாள்.

பின்னால் காத்திருந்த பெற்றோரில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். அவருக்குக் காது மடல் சுட்டது. அண்ணன் மகன் இதே கேள்விக்கு டாண் டாண் என்று பதில் சொல்லிப் போன வருஷமே மேலே போய்விட்டான். இது என்னடாவென்றால் நாலு பேர் முன்னால் மானத்தைக் கப்பலேற்றுகிறது.

"நல்லாப் பாரு கண்ணு. இதுல அப்பா சிரிக்கிறாங்கல்ல?" என்றார் டீச்சர்.

மகள் ஆமாம் என்று தலையாட்டினாள். விரலை மட்டும் எடுக்கவில்லை.

சரி, சந்தோஷ அப்பா எது என்று கேட்டதற்குக் கோப அப்பாவைத் தூக்கிக் காட்டினாள். கண்ணை உருட்டி, பல்லைக் கடித்து, மூக்கை விடைத்து, கண்ணாடி முன்னால் ஒத்திகை பார்த்துவிட்டு அவர் கொடுத்த முகம் அது. பார்த்ததும் அவளுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. லீவு நாளில் போர்வையைப் போர்த்திக்கொண்டு வீடெல்லாம் துரத்துகிற பூச்சாண்டி அப்பா அல்லவா!

டீச்சர் உதட்டைப் பிதுக்கியபடி பேனாவைத் திறந்தார்.

"வீட்ல எல்லாம் நல்லாத்தான் சொல்லுவா டீச்சர்" என்று அவர் வழிந்தார். பிறகு மகள் பக்கம் குனிந்து சிரித்தார். உதடு முழுசாக விரிந்தது. கண் அப்படியே இருந்தது.

மகள் நாற்காலியிலிருந்து சறுக்கி இறங்கினாள். மேஜைக்கு அடியில் புகுந்து முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தாள்.

"இந்த அப்பா வந்தா இங்கதான் இருக்கணும்னு அம்மா சொல்லியிருக்காங்க."

சின்னக் குரல்தான். அவருக்குக் கேட்டது.

மேஜையில் கிடந்த சந்தோஷ அப்பாவைப் பார்த்தார். அந்தப் படம் மட்டும் கலங்கியிருந்தது. திரும்பத் திரும்ப எடுத்தும் மனைவியின் கை ஆடிக்கொண்டே இருந்தது. ஒரு போட்டோ எடுக்கத் துப்பு இருக்கா என்று அவளிடம் கேட்டிருந்தார். சிரித்துக்கொண்டேதான் கேட்டிருந்தார்.

சொந்தக்காரர்கள் கூடியிருக்கிற இடத்தில் மனைவி வாய் தவறி எதையாவது சொல்லிவிட்டால் அந்தச் சிரிப்பு அவர் முகத்தில் வந்து உட்காரும். என்ன பொறுமைசாலி மனுஷன் என்று சபையே மெச்சும். வீடு வந்து, கதவைத் தாழ் போடுகிறவரைக்கும் அந்தச் சிரிப்பு கலையாது.

டீச்சரின் பேனா தாளுக்குப் போய்விட்டது.

அவர் ஒன்றும் செய்ய வேண்டியதில்லை, வாயை மூடிக்கொண்டு இருந்தால் போதும். மகள் ஒரு வருஷம் மக்காக இருப்பாள். அவர் எப்போதும்போல நல்லவராக இருப்பார்.

"டீச்சர், அவ சொன்னது ரெண்டும் சரிதான்."

பின்னால் இருந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள். டீச்சர் போட்டோவைப் பார்த்தார், மேஜைக்கு அடியில் பார்த்தார், பிறகு அவரைப் பார்த்தார். பேனாவை மூடி வைத்தார்.

தரை பிளந்து விழுங்கினால் தேவலை என்றிருந்தது அவருக்கு. பழக்கதோஷத்தில் சிரிப்பை இழுத்துப் பார்த்தார். வரவில்லை. முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியாமல் குனிந்தார்.

குனிந்த இடத்தில் மகளின் முகம் இருந்தது. உற்றுப் பார்த்தாள். ஒரு கை மேலே வந்து மேஜையைத் துழாவி நான்கு போட்டோக்களையும் அள்ளிக்கொண்டு போனது. ஒவ்வொன்றாக அவர் கன்னத்துக்குப் பக்கத்தில் பிடித்துப் பார்த்தாள். சோக அப்பாவை ரெண்டாவது தடவையும் பிடித்துப் பார்த்தாள். எதுவும் ஒத்துப்போகவில்லை.

"டீச்சர், இது எந்த அப்பா?"

டீச்சர் அவர் பக்கம் திரும்பினார்.

"வெட்கம்மா" என்றார் அவரே. "தப்பு பண்ணினவங்களுக்கு வர்றது."

வெட்கம், என்று அவள் ஒரு தடவை சொல்லிப் பார்த்துக்கொண்டாள். மேஜைக் காலைப் பிடித்த கையை இன்னும் விடவில்லை.

"இந்த அப்பா வந்தா நான் வெளிய வரலாமா?"

டீச்சரிடம்தான் கேட்டாள்.