மூன்றாவது அழைப்பு

“மதிக்கண்ணு…”

மாடியிலிருந்து குரல் வந்தது. எழிலரசி மீட்டிங்கை மியூட்டில் போட்டுவிட்டு எழுந்தாள்.

அதற்குள் வான்மதி ஓடிவந்து படிக்கட்டை மறித்து உட்கார்ந்துகொண்டாள். “வெயிட் மா. ஒரு தடவதான் கூப்பிட்டிருக்கு.”

அந்தக் கொரோனா வசந்தத்தில் பிஸ்கட்டவே என்ற அமெரிக்க ஊரில் எல்லோருக்கும் எல்லாவற்றின் மேலும் சந்தேகம். வந்த பார்சல்கள் கராஜ் வாசலில் கிடந்து வெயில் காய்ந்தன. எதிர்வீட்டு கிட்டுசாமி அங்கிள் இருமினால் தெருவில் இரண்டு ஜன்னல்கள் மூடிக்கொண்டன.

காய்ச்சல் வந்த அன்றே கணவன் நஞ்சுண்டன் மாடி அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். எட்டு வயது மகளோ சந்து கிடைத்தபோதெல்லாம் மாடியேறிக் கைப்பிடியைத் திருகினாள்.

அதனால் மூடிய கதவுக்குப் பின்னாலிருந்து அவளுக்கு ஒரு கதை சொன்னான்.

அந்தக் காலத்தில் ஒரு கோட்டை. உள்ளே கொள்ளைநோய். ராஜா அகழிப் பாலத்தைத் தூக்கிவிட்டார். தெருவில் நடமாடியது சாம்பல்வாயன் என்ற பேய் ஒன்றுதான். அது அப்பாக்களின் குரலைத் திருடிக்கொண்டு வாசல் வாசலாக நின்று பிள்ளைகளைப் பேர் சொல்லிக் கூப்பிடும். கதவைத் திறந்தவர்கள் திரும்பியதில்லை.

“ஆனா அதுக்குச் சொந்தமா மூச்சு கெடையாது கண்ணு. திருடுன மூச்சு ரெண்டு கூப்பாட்டுக்குத்தான் வரும். மூணாவதும் கூப்பிட்டா, அது அப்பா. அப்பத்தான் மேல வரோணும்.”

அதன்பின் கஞ்சிக்கும் சார்ஜருக்கும் குட்நைட்டுக்கும் மும்மூன்று முறை கூப்பிட்டான். மகளும் கைப்பிடியை மறந்தாள். கெட்டிக்காரன் என்று எழிலரசி நினைத்துக்கொண்டாள்.

“மதிக்கண்ணு…”

இரண்டாவது. இது காலையில் கேட்ட குரல் இல்லை. யாரோ அவன் குரலைப் போட்டுப் பார்ப்பதுபோல, அளவு சேராமல் இருந்தது.

எழிலரசிக்குக் கை மயிர் சிலிர்த்தது. சீ, என்ன இது என்று தன்னையே திட்டிக்கொண்டாள். ஆனாலும் கால் நகரவில்லை.

வான்மதி இரண்டு விரல்களைக் காட்டினாள்.

இருவரும் காதைத் தீட்டிக்கொண்டு இருந்தார்கள். ஃபிரிட்ஜ் உறுமியது. லேப்டாப்பில் யாரோ, “எழில், ஆர் யூ தேர்?” என்றார்கள்.

மூன்றாவது வரவில்லை.

“ஸீ? அது அப்பா இல்ல,” என்றாள் வான்மதி, ஜெயித்தவள் மாதிரி.

திருடுன மூச்சு ரெண்டு கூப்பாட்டுக்குத்தான் வரும்.

எழிலரசி குழந்தையைத் தாண்டிக் குதித்து ஓடினாள்.

ஆம்புலன்ஸில் வந்தவர்களுக்கு முகம் இல்லை. கண்ணாடியும் பிளாஸ்டிக்கும்தான் இருந்தன. யாரும் கூட வரக்கூடாது என்றார்கள். ஸ்ட்ரெச்சர் இறங்கிப் போனதை வான்மதி ஜன்னலில் நெற்றியை ஒட்டிவைத்துப் பார்த்தாள்.

“பட் ரெண்டு தடவதானே கூப்பிட்டார்?”

“மூணாவதும் கூப்பிட்டாருடா. எனக்குக் கேட்டுச்சு.”

“எனக்குக் கேக்கலையே?”

“மெதுவாக் கூப்பிட்டார்.”

வான்மதி அம்மாவின் முகத்தை வெகுநேரம் பார்த்தாள். பிறகு தலையாட்டினாள்.

நஞ்சுண்டன் திரும்பி வரவில்லை.

வான்மதி இப்போது ஹைஸ்கூல். அறைக் கதவைச் சாத்திக்கொண்டு காதில் ஹெட்ஃபோன் மாட்டிக்கொள்ளும் வயது. அவள் தோழிகளின் அம்மாக்கள், கத்திக் கத்தித் தொண்டை போகிறது என்று புலம்புகிறார்கள்.

எழிலரசிக்கு அந்தக் கஷ்டம் இல்லை. மகள் ஹெட்ஃபோன் மாட்டுவதில்லை. கீழிருந்து எதற்குக் கூப்பிட்டாலும், பெயரை முடிப்பதற்குள் படிகளில் காலடி கேட்கிறது.

இதுவரை ஒருநாளும் எழிலரசி இரண்டாவது முறை கூப்பிட்டதில்லை.